மூன்றாம் ஓலையில் எழுந்தவள்

பிப்ரவரி 16, 1957 – ஆறணா
பிப்ரவரி 23 – ஆறணா
மார்ச் 2 – ஆறணா
மார்ச் 16 – ஆறணா
மார்ச் 30 – ஆறணா
ஏப்ரல் 6 – 37 நயா பைசா
ஏப்ரல் 27 – 37 நயா பைசா

ஏழும் சனிக்கிழமைகள். ஸ்ரீரங்கத்துக் கொட்டகை ஒன்றில், பெண்கள் பக்கத்துப் பெஞ்சு டிக்கெட். படமும் ஒன்றே. பார்த்தவள் லூர்துராணி, வயது இருபத்தாறு, ஸ்ரீரங்கத்தில் ஆரம்பப் பள்ளி ஆசிரியை. வீடு பாலக்கரையில். மாதா கோயில் பங்குக்காரர்கள் கண்ணில் படாமல் சினிமா பார்க்க, வேலை பார்க்கும் ஊர்தான் அவளுக்குத் தோதாக இருந்தது.

படத்தின் பிற்பாதியில் நாயகி வெள்ளத்தில் அடிபட்டு நினைவிழக்கிறாள், வேறொருவனுக்கு மனைவியாகிறாள். தேடி வந்த காதலனிடம், "நீங்க யாரு?" என்று கேட்கிறாள். கொட்டகையே மூக்கைச் சிந்தும். லூர்துராணி முதல் தடவை மட்டும் முழுதாகப் பார்த்தாள். அடுத்த ஐந்து தடவையும் வெள்ளம் வருமுன் எழுந்துவிட்டாள்.

"பாதிப் படத்துக்கு முழு டிக்கெட்டா? மீதிக் காசைத் திருப்பிக் கேளேன்டி," என்றாள் கூட வேலை பார்த்த ரெங்கம்மாள்.

"மறக்கற வரைக்கும் அவ நல்லவதான். எனக்கு அது வரைக்கும் போதும்."

லூர்துராணியின் ஆள் அருள்நாதன். 1954 ஜூலையில் கொழும்புக்குக் குமாஸ்தா வேலைக்குப் போனவன். இருபத்துமூன்று கடிதம் எழுதினான். 1956 நவம்பருக்குப் பிறகு ஒன்றும் இல்லை. அவள் அப்பா சவரிராயன் மூன்று மாதம் பொறுத்தார். பிறகு எடமலைப்பட்டி புதூரில் மரக்கடை வைத்திருந்த அடைக்கலராஜுக்குப் பேசி முடித்துவிட்டார். மாட்டேன் என்று அவள் சொன்னதை வீட்டில் யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

சினிமா விஷயம் அத்தை அற்புதம்மாளுக்கு எட்டியது.

"தவக்காலத்துல சினிமாவா? பாவசங்கீர்த்தனத்துல சாமியார்கிட்ட சொல்லித் தொலை."

"சொல்ல மாட்டேன் அத்தை. சொன்னா, செஞ்சதுக்கு மனஸ்தாபப்படணும். எனக்கு வருத்தமே இல்லையே."

ஏழாவது தடவை அவள் எழுந்திருக்கவில்லை. கடைசிவரை பார்த்தாள். திரும்பும்போது பஸ் ஸ்டாப்பில் ரெங்கம்மாளிடம், "அவளுக்கு நினைவு போச்சு, கழுத்த நீட்டிட்டா. எனக்கு எதுவும் போகலையே," என்றாள்.

மறுநாள் கோயிலில் முதல் ஓலை வாசித்தார்கள். கத்தோலிக்கர் கல்யாணம் என்றால் மூன்று ஞாயிறு மணமக்கள் பெயரை வாசித்து, தடை அறிந்தவர் சொல்ல வேண்டும் என்று கேட்பது வழக்கம். யாரும் சொல்வதில்லை, அபூர்வமாகச் சொல்கிறவரும் பூசைக்குப் பிறகு சாமியார் பங்களாவில்தான் மெல்லச் சொல்வார். மே 5 இரண்டாம் ஓலை. மே 12 மூன்றாம் ஓலை வாசித்து முடிந்ததும் பெண்கள் பக்கத்தில் முக்காட்டோடு ஒருத்தி எழுந்தாள்.

"சாமி, ஒரு தடை இருக்கு."

"யாரும்மா அது? தடை யாருக்கு?"

"பொண்ணுக்கு. சம்மதம் இல்ல."

"உனக்கு எப்படித் தெரியும்?"

"நான்தான் பொண்ணு."

சாமியார் ஓலையை மடித்தார். சம்மதம் இல்லாமல் கல்யாணத்தை மந்திரிக்க அவருக்கு அதிகாரமில்லை. சவரிராயன் பூசை முடியுமுன் வெளியேறினார். அடைக்கலராஜ் மட்டும் இரண்டு நாள் கழித்து வந்து, "தாலி கட்டறதுக்கு முன்னாடி சொன்னீங்களே, அது வரைக்கும் நல்லது," என்று சொல்லிவிட்டுப் போனான். 'சினிமாப் பொண்ணு' என்ற பெயர் அவளுக்கு நிலைத்தது. கூப்பிட்டவர்களை நின்று, "என்னங்க?" என்று கேட்பாள்.

1959 மார்ச்சில் அருள்நாதன் எழுதினான். அவனுக்குக் கல்யாணமாகி ஒன்றரை வருடம். பழைய கடிதங்கள் வெளியே வந்தால் மானம் போகும். திருப்பி அனுப்ப வேண்டும். தன்னை மறந்துவிட வேண்டும்.

"இப்பவாவது புத்தி வந்துச்சா?" என்றார் சவரிராயன்.

"அவர் பண்ணிக்கிட்டது அவர் இஷ்டம்ப்பா. நான் மாட்டேன்னது என் இஷ்டம். அதுல மாத்தம் இல்ல."

அன்று ஒரு மூச்சு அழுதாள். மறுநாள், தபால்காரரும் படிக்கட்டும் என்று, கார்டில் பதில் எழுதினாள்: "எனக்கு எழுதியவை என்னுடையவை. தர மாட்டேன். மறப்பதற்கும் மறக்காமல் இருப்பதற்கும் உங்கள் உத்தரவு வேண்டியதில்லை."

1961இல் மறுபடி கேட்டான், 1963இலும் கேட்டான். இரண்டு தடவையும் அதே வாசகம், அதே கார்டு.

அவனுடைய கடைசிக் கடிதத்தில் ஒரே வரி: "சரி, நீயே வைத்துக்கொள்." அது வந்த நாள் 1966 ஜூன் 9, வியாழக்கிழமை.