மகேந்திரராஜாவின் ஆறு மணி

மக்கீனின் தேநீர்க்கடைச் சுவரில் மணி ஆறரை. மகேந்திரராஜா தம் கைக்கடிகாரத்தைப் பார்க்கிறார்; அதில் ஆறு. பாலில்லாத பிளேன்டியில் ஒரு மிடறு குடித்து, கித்துள் கருப்பட்டியைக் கன்னத்தில் ஒதுக்கிக்கொண்டு தொடங்குகிறார்.

"சாவியாட்சிக் காலத்துல, பாருங்க, அழுறதுக்குக்கூட நேரம் இருந்திச்சு. அந்தியில கொஞ்ச நேரம். அதுக்குப் பிறகு கண்ணு ஈரமா இருந்தா தண்டனை."

"மவுத்து வீட்டுல?" என்று மக்கீன் கேட்கிறார்.

"செத்தவனும் நேரத்தோட போயிருக்கணும்."

பெஞ்சில் இருப்பவர்கள் சிரிக்கிறார்கள். அவர் மாத்தளை அரசாங்கக் கச்சேரியில் எழுதுவினைஞர். சட்டையைக் கழுத்துவரை பூட்டிக்கொள்பவர். சத்தமாகத் தும்மினால் மன்னிப்புக் கேட்பவர். அப்படிப்பட்டவர் உலகத்தில் இல்லாத ஒரு நாட்டின் சரித்திரத்தைப் பார்த்து வந்தவர்போலச் சொல்வது அவர்களுக்கு வேடிக்கை.

கடிகாரச் சாவி யார் கையில் இருக்கிறதோ அவனே அந்த நாட்டில் ராஜா. அரண்மனை நிலவறையில் ஒரு பெரிய சுருள்வில். விடியலில் ஆட்கள் கூடி அதை முறுக்கினால்தான் கிணறுகள் திறக்கும், பித்தளைச் சேவல்கள் கூவும். பிந்தி வந்த மாப்பிள்ளைக்குப் பெண் இல்லை. முந்தி வந்தவனுக்கும் இல்லை.

இந்த நாட்டில் பாதி அவருடைய ஒரே மகள் தவமணிதேவிக்குச் சொந்தம். தாயில்லாத பிள்ளை. பள்ளிக்கூடம் விட்டு வரும் வழியில் அப்பா ஒரு சட்டம் சொல்வார்; மகள் அதிலிருந்து தப்ப வழி சொல்வாள். சேவல் கூவாமல் யாரும் விழிக்கக் கூடாது என்றால், அவள் சேவலின் தொண்டையில் ஒரு பிடி மணலைப் போட்டுவிடுவாள். கலியாணம் முடிந்து கிளிநொச்சிக்குப் புறப்பட்ட நாளில் பஸ் ஜன்னல் வழியாகச் சொன்னாள்: "ஆறு மணிக்கு நீங்க சட்டத்தைச் சொல்லுங்கப்பா. நான் அங்கயிருந்து ஆளத் தப்ப வைக்கிறேன்."

பிறகு போரில் வடக்குப் பாதை மூடியது. அவளிடமிருந்து ஒரு சொல்லும் வரவில்லை. சட்டங்கள் மட்டும் குவிகின்றன. சாவியாட்சியிலிருந்து இப்போது எவரும் தப்புவதில்லை.

சென்ற ஆண்டு அரசாங்கம் நாட்டின் நேரத்தை ஒரு மணி முன்னே தள்ளியது. சில மாதம் கழித்து அதில் பாதியைத் திருப்பித் தந்தது. மூடிய பாதைக்கு அப்பால், போராளிகளின் பக்கத்தில், பழைய நேரமே நின்றது. மகேந்திரராஜாவின் மணிக்கட்டிலும் அதுவே நின்றது. கச்சேரிக்குப் போக மட்டும் மனத்துக்குள் அரை மணியைக் கூட்டிக்கொள்வார். கூட்ட மறந்த நாட்களில் யட்டவத்த பஸ் அவரை விட்டுவிட்டுப் போய்விடும்.

"முள்ளத் திருப்பிட்டு ஆறரைக்குச் சொன்னா என்ன ராஜா ஐயா? ரெண்டும் ஒண்ணுதானே?" என்று மக்கீன் ஒருமுறை கேட்டார்.

"ஆறுன்னுதான் பேசிக்கிட்டோம். ஆறரைன்னு பேசலியே."

இப்படியிருக்க, ஒரு நாள் பஸ் நிலையத்துச் சோதனைச்சாவடியில் ஓர் இளம் சிப்பாய் அவர் கையைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தான். "மே காகே வெலாவத?" என்றான். இது யாருடைய நேரம்? அவரும் சிங்களத்திலேயே, "மகே துவகே" என்றார். என் மகளுடையது. மகள் எங்கே என்ற அடுத்த கேள்விக்கும் உள்ளதையே சொன்னார். மணல்மூட்டைகளுக்குப் பின்னால் அவரை உட்காரவைத்துவிட்டார்கள்.

எதிர்க்கடையிலிருந்து மக்கீன் ஈரக்கையோடு ஓடிவந்து, கச்சேரி ஐயா, நல்ல மனிசன், தனியாள் என்று நெடுநேரம் மன்றாடினார். கடைசியில் சிப்பாயே கடிகாரத்தைக் கழற்றி, முள்ளை முன்னே நகர்த்தி, சின்னப்பிள்ளைக்குக் கட்டுவதுபோல வாரைப் பூட்டி அனுப்பினான்.

"மணிக்கூடு பிந்தி ஓடுதுன்னு சொல்லியிருந்தா முடிஞ்சிருக்குமே! யா அல்லாஹ், ஒங்கள யாரு உண்மை பேசச் சொன்னது?"

"அவன் யாரு நேரம்னுதானே கேட்டான், மக்கீன். பிந்துதான்னு கேக்கலியே."

இனி முள்ளைத் திருப்பினால் அடுத்த முறை விடமாட்டார்கள். மறுநாள் மாலை சுவரிலும் மணிக்கட்டிலும் ஒரே நேரம். ஆறு அடித்தது, மகேந்திரராஜா தொடங்கவில்லை. தேநீர் ஆறிப்போனது. இதற்குள் அங்கே அவள் எழுந்து போயிருப்பாளோ, இன்னும் வந்து உட்காரவே இல்லையோ என்று அவருக்குக் குழம்பியது. தெருவிளக்குகள் எரியத் தொடங்கி வெகுநேரம் கழித்துத்தான் தொண்டையைச் செருமினார்.

"ராஜா நேரத்தை முன்னால தள்ளிட்டாரு. பழைய நேரத்துல தங்கிட்டவங்க எல்லாம் நாட்டுலயே இல்லாதவங்கன்னு சட்டம் போட்டாச்சு."

பெஞ்சில் யாரும் சிரிக்கவில்லை.

"அப்பறம்? அந்த மனிசங்க என்னா..." என்று மக்கீன் வாயெடுத்தார்.

மகேந்திரராஜா திரும்பாமலே உள்ளங்கையை உயர்த்தினார், ஒருவர் பேசிக்கொண்டிருக்கும்போது குறுக்கே பேசுபவரை அடக்குவதுபோல. வடக்குப் பக்கமாகத் தலையைச் சற்றுச் சாய்த்து, கையை இறக்காமல், கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு, "அப்பிடியா?" என்று மெல்லச் சிரித்தார்.