பூஜையில் வைத்த கம்ப்யூட்டர் புத்தகம்

கிள்ளானில் லோரி பட்டறை நடத்தியவர்களில், இஞ்சின் ஓடுகிற சத்தத்தைக் கேட்டே பழுது எங்கே என்று சொல்லக்கூடியவன் அந்தக் காலத்தில் நான் ஒருவன்தான். பெருமைக்காகச் சொல்லவில்லை, உள்ளதைச் சொல்கிறேன். டெங்கில் பக்கத்து ரப்பர் தோட்டப் பள்ளியில் மூன்றாம் வகுப்போடு என் படிப்பு முடிந்தது. மற்றதெல்லாம் லோரிக்கு அடியில் மல்லாந்து படுத்துக் கற்றுக்கொண்டது. துறைமுகத்துக்குப் போகிற சாலையில் என் பட்டறைப் பலகை ஏறிய அன்று, எதிர்க்கடைச் சீனர்கள்கூட வந்து கை கொடுத்துவிட்டுப் போனார்கள்.

அப்படிப்பட்ட நான் பிரித்துப் பார்த்தும் விளங்காத பொருள் என் வீட்டுக்குள் வந்தது என்றால், அது என் மகள் கொண்டுவந்த புத்தகங்கள்தான். எண்பதுகளின் பின்பாதி. அவள் கோலாலம்பூரில் பல்கலைக்கழகத்தில் கம்ப்யூட்டர் படித்துக்கொண்டிருந்தாள். நவராத்திரிக்கு வீட்டுக்கு வந்தபோது பையிலிருந்து எடுத்து வைத்த புத்தகங்களில் ஒன்று சாம்பல் நிறத் துணி அட்டை போட்டது, செங்கல் கனம். உள்ளே ஒரு கம்ப்யூட்டர் படம் கிடையாது. பக்கத்துக்குப் பக்கம் அம்புக்குறியும் கோழிக் கிறுக்கலும்.

"கம்ப்யூட்டர் புக்குன்னு சொல்ற, கம்ப்யூட்டரையே காணோமே?"

"இது கம்ப்யூட்டரைப் பத்தின புக் இல்லப்பா. கம்ப்யூட்டரால எது முடியும், எது முடியவே முடியாதுங்கிறதப் பத்தினது."

"முடியாததுக்கு எதுக்கு ஒரு புக்கு?"

அவள் சிரித்தாள். "ஒரு புரோகிராமை ஓட விட்டா அது என்னைக்காவது நிக்குமா, இல்ல ஓடிக்கிட்டே இருக்குமான்னு எல்லாப் புரோகிராமுக்கும் முன்கூட்டியே சொல்ற மிஷின் கிடையாது. செய்யவும் முடியாது. அதைக் கணக்கு மாதிரி நிரூபிச்சிருக்காங்க."

"நான் சத்தத்தை வச்சே சொல்லிருவேன்லா, எந்த லோரி எங்க நிக்கும்னு."

"நம்ம பட்டறைக்கு வர்ற லோரிக்குச் சொல்லுவீங்க. இனிமேதான் செய்யப்போற லோரிக்கும் சொல்லுவீங்களா?"

"வரட்டும், சொல்றேன்."

"அதான்பா பிரச்சினையே," என்றாள். அதில் ஒரு இடம் தனக்கே இன்னும் பிடிபடவில்லை என்றும் சொன்னாள். சொல்லாமல் விட்டது ஒன்று உண்டு. அந்தப் புத்தகம் அவளுடையது இல்லை.

மறுநாள் ஆயுத பூஜை. எங்கள் பட்டறையில் பூஜை என்றால் சும்மா இல்லை. ஸ்பேனர், ஜேக், வெல்டிங் செட் எல்லாவற்றையும் மண்ணெண்ணெயில் கழுவித் துடைத்து, சாமி படத்துக்கு முன்னால் பலகை போட்டு அடுக்குவோம். லோரிகளுக்கு வாழைக்கன்று, மாலை, டயருக்கு அடியில் எலுமிச்சம்பழம். சரஸ்வதிக்கும் அதே நாள்தான் என்பதால் வீட்டுப் புத்தகங்களும் வரும். மகளும் அவள் அம்மாவும் கோயிலுக்குப் போயிருந்தார்கள். அவள் மேசையிலிருந்த அத்தனையையும் நானே தூக்கிவந்து, ஸ்பேனர்களுக்கு மேலே, எல்லார் கண்ணிலும் படுகிற இடத்தில் அடுக்கினேன். ஒவ்வொன்றுக்கும் என் கையாலேயே மஞ்சள் குழைத்துப் பூசிக் குங்குமம் வைத்தேன். சாம்பல் அட்டையில் பொட்டு எடுப்பாகத் தெரிந்ததால் அதற்குக் கொஞ்சம் தாராளமாகவே வைத்தேன்.

என் மூத்த மெக்கானிக் சாம்பல் புத்தகத்தைத் தூக்கிப் பார்த்தார். "பாஸ், இது புக்கா பேட்டரியா? தண்ணி ஊத்தணுமா?"

"என் மக படிக்கிற புக்கு. உனக்கு மூணு ஜென்மம் எடுத்தாலும் முதல் பக்கம் தாண்டாது."

"உங்களுக்கு?"

"எனக்கு மக இருக்கா," என்றேன். எல்லாரும் சிரித்தார்கள். அன்று வந்த வாடிக்கையாளர் ஒருவரையும் நான் புத்தக அடுக்கைக் காட்டாமல் அனுப்பவில்லை.

சாயங்காலம் மகள் பட்டறைக்கு வந்தாள். பலகையைப் பார்த்தாள். முகத்தில் ரத்தம் இல்லை.

"அப்பா, அந்தச் சாம்பல் புக் என்னோடது இல்ல. சாரோடது."

சார் என்றால் அவளுடைய விரிவுரையாளர். கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் தனியாக இருந்த யாழ்ப்பாணத்துக்காரர். வெளிநாட்டில் படித்தபோது வாங்கிய புத்தகம், இங்கே எந்த நூலகத்திலும் கிடையாதாம். பக்கத்தின் மூலையை மடக்கிய ஒரு மாணவனுக்கு அதன்பிறகு அவர் புத்தகமே கொடுத்ததில்லையாம். படிப்பு முடிந்ததும் இவளைத் தன்கீழ் உதவி விரிவுரையாளராக எடுத்து மேல்படிப்புக்கும் அனுப்பலாமா என்று அவர் யோசித்துக்கொண்டிருந்தார். அதற்கு முன்னோட்டமாகத்தான் இந்தப் புத்தகத்தைக் கொடுத்திருக்கிறார். விஜயதசமி அன்று பின்னேரம் தன் வீட்டில் கொண்டுவந்து தரச் சொல்லியிருந்தார். விஜயதசமி என்றால் மறுநாள்.

"இப்பவே எடுத்துத் துடைச்சுரலாம்பா."

அவள் அம்மா விடவில்லை. "பூஜையில வச்சத நாளைக்குக் காலையிலதான் தொடணும். உங்க சார் என்ன, எவர் வந்தாலும் அதுதான்."

வீட்டில் இந்த விஷயத்தில் என் பேச்சுக்கூட எடுபடாது. அன்று இரவு மகள் சாப்பிடவில்லை.

காலையில் மறுபூஜை முடிந்தது. எடுத்த புத்தகத்தில் ஒரு பக்கமாவது சாமி முன்னால் வாய்விட்டுப் படித்த பிறகுதான் கொண்டுபோக வேண்டும் என்பது என் மனைவியின் சட்டம். பொரியும் சுண்டலும் வாங்கக் காத்திருந்த மெக்கானிக்குகளுக்கு நடுவே, மகள் சாம்பல் புத்தகத்தைத் திறந்து ஆங்கிலத்தில் படிக்கத் தொடங்கினாள். மனசே இல்லாமல் ஒவ்வொரு சொல்லாக இழுத்து இழுத்துப் படித்தாள். பாதியில் நின்றுவிட்டாள். அழப்போகிறாள் என்று நினைத்தேன். அழவில்லை. அதே வரியை மறுபடி படித்தாள். பிறகு மெதுவாக, "நிக்குமா நிக்காதான்னு சொல்ற அந்த மிஷினுக்கு அதையே திங்கக் கொடுக்கணும்," என்றாள்.

"என்ன மிஷினு, என்ன தீனி? சுண்டல் ஆறுதுலா," என்றார் மூத்த மெக்கானிக்.

புத்தகத்தை நான் வாங்கிக்கொண்டேன். கிரீஸ் கறையையே எடுத்த கை இது, பொட்டு என்ன பெரிது என்று சோப்புத் தண்ணீரைத் தொட்டுத் தேய்த்தேன். மஞ்சளில் சோப்புப் பட்டால் என்ன ஆகும் என்று சமையலறைக்குள் போகிற யாரைக் கேட்டாலும் சொல்லியிருப்பார்கள். வட்டமாக இருந்த மஞ்சள், உள்ளங்கை அகலத்துக்குச் செக்கச்செவேல் என்று படர்ந்துவிட்டது.

"விடுங்கப்பா," என்றாள் மகள். அவள் திட்டியிருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும்.

பிரிக்பீல்ட்ஸுக்கு நானே காரோட்டிப் போனேன். சீன முதலாளிகளான தவுக்கேமார்களோடு மேசையைத் தட்டிப் பேசிப் பழகிய எனக்கு அந்த வாத்தியார் வீட்டு மணியை அடிக்கக் கை வரவில்லை. மகள்தான் அடித்தாள். ரயில்வே குவார்ட்டர்ஸ் பக்கத்தில் பழைய மரவீடு. வேட்டியும் வெள்ளைச் சட்டையுமாக ஒல்லியான மனிதர் வந்தார்.

"வாங்கோ, இருங்கோ. இவர் ஆர், அப்பாவோ?"

"ஆமாங்க. புக்குல ஒரு சின்ன..." என்று ஆரம்பித்தேன். அவர் புத்தகத்தை வாங்கி அட்டையைப் பார்த்தார். திருப்பிப் பார்த்தார். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. என் நெஞ்சு அடித்த மாதிரி ஒரு லோரி சத்தம் போட்டிருந்தால், அதை அப்போதே பட்டறையில் நிறுத்தியிருப்பேன்.

"சரஸ்வதி பூசையோ?"

"ஆமாங்க. நான்தான் வச்சேன். என்ன விலையானாலும் வாங்கித் தந்துடறேன்."

"இனி இதை அச்சடிக்கமாட்டாங்கள்," என்றார். பக்கங்களைப் புரட்டினார். ஓரங்களில் பென்சிலால் பொடிப்பொடியாக எழுதியிருந்ததை அப்போதுதான் கவனித்தேன். அவருடைய எழுத்து. ஒவ்வொன்றாகத் தடவிப் பார்த்தார். நடுவில் ஒரு பக்கத்தில் நசுங்கிக் கிடந்த பொரியை எடுத்து மேசையில் வைத்தார். மகள் தலையைக் குனிந்துகொண்டாள்.

"இந்தப் பக்கத்தைத்தான் இண்டைக்கு வாசிச்சதோ?"

"ஆமா சார்."

"விளங்கினதோ?"

அவள் நிமிர்ந்தாள். "காலையிலதான் சார் விளங்குச்சு."

"அப்ப சொல்லு."

"சார், அட்டை..."

"அட்டையில ஒண்டுமில்லை பிள்ளை. உள்ளுக்கு இருக்கிறதைச் சொல்லு."

சொன்னாள். ஆங்கிலத்தில்தான். தயங்கித்தான் ஆரம்பித்தாள், பிறகு கையெல்லாம் பேசியது. அவர் இடையில் கேள்வி கேட்டார், அவள் பதில் சொன்னாள். அவர் இன்னொரு விதமாக மடக்கினார், அதற்கும் சொன்னாள். எனக்கு ஒரு எழுத்தும் விளங்கவில்லை. ஆனால் மேட்டில் பாரத்தோடு ஏறும்போது கியர் மாற்றுகிற இடத்தில் திணறாத இஞ்சின் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். என் மகள் திணறவில்லை.

அவர் கண்ணாடியைக் கழற்றி வேட்டி நுனியில் துடைத்தார். என் பக்கம் திரும்பினார். "படிப்பு முடிய உங்கட மகளை எனக்குக் கீழ உதவி விரிவுரையாளரா எடுக்கப் போறன். உங்களுக்கு ஆட்சேபணை இல்லையே?"

"இல்லைங்க," என்று மட்டும் வந்தது. அவ்வளவு சிறிய பதிலை அதற்கு முன்னாலும் நான் யாருக்கும் சொன்னதில்லை, பின்னாலும் இல்லை.

அலமாரியிலிருந்து இன்னொரு புத்தகத்தை எடுத்தார். பழைய நாளிதழில் அட்டை போட்டு, அதற்கு மேல் பிளாஸ்டிக் உறையும் போட்டு மகளிடம் கொடுத்தார். "அடுத்த பூசைக்கு முன்னம் இது திரும்பி வரவேணும்," என்றார். அவர் சிரித்ததை அன்று அந்த ஒரு முறைதான் பார்த்தேன்.

வெளியே வந்ததும் எனக்குப் பசி தெரிந்தது. பக்கத்து வாழையிலைக் கடையில் உட்கார்ந்து, மகள் போதும் போதும் என்றாலும் கேட்காமல் ரசம்வரை ஒரு சுற்று முடித்து மறுபடி சாம்பாரில் ஆரம்பித்தேன். அவளும் நன்றாகச் சாப்பிட்டாள். இலையை மடிக்கும்போது, "அந்த மிஷினுக்கு அதையே திங்கக் கொடுத்தா என்ன ஆகும்?" என்று கேட்டேன்.

"தான் சொன்னதுக்கு எதிராவே செய்யிற மாதிரி அதை மாத்திருப்பாங்கப்பா. அது நிக்கும்னு சொன்னா நிக்காது. நிக்காதுன்னு சொன்னா நின்னுரும்."

"உங்கம்மா மாதிரின்னு சொல்லு."

கையில் மோரோடு நின்ற கடைக்காரரும் சேர்ந்து சிரித்தார்.

திரும்பும்போது ஃபெடரல் ஹைவேயில் மகள் புத்தகத்தை மடியில் வைத்துக்கொண்டே தூங்கிவிட்டாள். முன்தினம் இரவு தூங்கியிருக்கமாட்டாள். என் காரில் பல நாளாக ஒரு மெல்லிய கிறீச்சொலி இருந்தது, எந்த பேரிங் என்றுகூட எனக்குத் தெரியும். அன்று கிள்ளான் வந்துசேரும்வரை அது என் காதில் விழவே இல்லை.