ஜப்பான்காரருக்குத் துடக்குக் காத்தது

மொன்றியலில் என் பக்கத்து வீட்டுக்காரருக்குக்கூட இது தெரியாது. ஒரு ஜப்பான் நடிகரைச் சாவிலிருந்து மீட்டுக் கதாநாயகன் ஆக்கியவள் நான்.

யாழ்ப்பாணத்தில் மாமா தியேட்டர் வாசலில் டிக்கெட் கிழிப்பவர்; படச்சுருள் பெட்டியைச் சைக்கிளில் கட்டிக் கொண்டுவருபவரும் அவர்தான். ஜப்பான் படம் வந்தால் கூட்டம் குறைவு, சின்னப் பிள்ளையான என்னையும் பெண்கள் பக்கத்தில் இருத்திவிடுவார். முதல் படத்தில் மெலிந்த ஒருவர் வாள்வெட்டு வாங்கி, மெல்ல முழங்கால் மடித்து, சேற்றில் விழுந்தார். அவருக்கென்று அழ அந்தப் படத்தில் ஒருவரும் இல்லை. வெட்டியவன் தாண்டிப் போய்விட்டான்.

எனக்குப் பொறுக்கவில்லை. வீட்டுக்கு வந்து தலை முழுகினேன். செத்த வீட்டுத் துடக்கு, தீட்டு என்று மீனைத் தொடவில்லை. காகத்துக்குச் சோறு வைத்தேன்.

"ஆருக்கடி துடக்கு?" அம்மா கேட்டார்.

"யப்பான்காரருக்கு."

"அவர் எங்களுக்கு என்ன முறை?"

"பெரியப்பா முறை எண்டு வையுங்கோவன் அக்கா," என்றார் மாமா.

அடுத்த படத்தில் பெரியப்பா உயிரோடு வந்தார். நான் சந்தோசப்பட்டு முடிவதற்குள் ஒரு பாலத்தடியில் மறுபடி செத்தார்.

"அந்தாளுக்கு அதுதான் வேலையடி," என்று மாமா சிரித்தார். "படத்துக்குப் படம் சாகிறது."

அப்படியும் ஒரு வேலையா? மூன்றாவது படம் வருகிறது என்றதும் சந்திப் பிள்ளையாரிடம் போனேன். இந்த முறை அவர் சாகக் கூடாது, பிழைத்தால் தேங்காய் அடிப்பேன் என்று நேர்ந்தேன்.

அன்று திரையில் முதல் ஆளாக வந்ததே அவர்தான், குதிரையில். கடைசிச் சண்டையில் நாலாபக்கமும் சூழ்ந்துகொண்டார்கள். முழங்கால் மடிந்தது. நான் வாங்குப் பலகையில் ஏறி நின்று, "எழும்புங்கோ பெரியப்பா" என்று கத்தினேன். எழும்பினார். அத்தனை பேரையும் சாய்த்தார். தியேட்டரே கைதட்டியது. அதில் பாதி எனக்குத்தான் என்று இன்றும் நம்புகிறேன். மாமா என்னைத் தோளில் தூக்கிக்கொண்டு நேரே கோயிலடிக்குப் போனார். தேங்காய் ஒரே அடியில் சிதறியது.

போன மாதம் மொன்றியலில், செயின்ட்-மிஷேல் வீட்டில், தொலைக்காட்சியில் பெரியப்பாவின் கதை பிரெஞ்சில் போனது. மகள் கேட்டுச் சொன்னாள்: "அம்மா, அந்தப் படம் உங்கட ஊருக்கு வர முன்னமே அவர் அங்க பெரிய நடிகராம்."

இருக்கட்டும். படங்கள் பழசாகித்தான் எங்கள் ஊருக்கு வந்து சேரும். நான் கண்ணை மூடி நேர்ந்துகொண்டு நின்றபோது, அவருடைய வெற்றி தகரப் பெட்டிக்குள் சுருண்டு, மாமாவின் சைக்கிளில் கட்டப்பட்டு, என் முதுகுக்குப் பின்னால் தியேட்டருக்குப் போய்க்கொண்டிருந்தது. அது அப்போது எனக்குத் தெரியாது.