கமராவுக்கு வலப்பக்கம்

என் ஆவணப்படங்களைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், நான் கேள்வி கேட்பதில்லை. கமராவுக்கு இடப்பக்கம் பேசாமல் உட்கார்ந்திருப்பேன். ஆட்கள் தாங்களாகவே கதைக்கத் தொடங்குவார்கள்.

குருநகரில் மீன் விற்கும் மேரி அக்கா, கடலுக்குப் போய்த் திரும்பாத கணவரைப் பற்றி யாரிடமும் வாய் திறந்ததில்லை. போன கிழமை என் கமராவுக்கு முன்னால் எல்லாவற்றையும் சொன்னார். எனக்குக் கொஞ்சம் பெருமைதான்.

எடிட் செய்யும்போதுதான் கவனித்தேன். அக்கா என்னைப் பார்க்கவேயில்லை. கமராவுக்கு வலப்பக்கம் பார்த்தே கதைக்கிறார். இடையிடையே நிறுத்தி, எதையோ காதுகொடுத்துக் கேட்டுவிட்டு, "ஓம் தம்பி" என்கிறார்.

இன்று காலை சந்தையில் அவரிடமே கேட்டேன். "அக்கா, ஏன் அங்காலை பாத்துக் கதைச்சனீங்கள்?"

"உங்களோடை வந்த மற்றத் தம்பிதானே கேள்வி கேட்டவர்?"

"நான் தனியத்தானே வந்தனான்."

அக்கா மீன் வெட்டுவதை நிறுத்தவில்லை. "விசர்க் கதை கதையாதேங்கோ. கதிரை குடுத்தனான், வேண்டாமெண்டு நிண்டுகொண்டே கேட்டவர். நல்ல பிள்ளை. உங்களைப்போல உம்மெண்டு இருக்கேல்லை."

வீட்டுக்கு வந்து என் பழைய படங்களையும் போட்டுப் பார்த்தேன். பருத்தித்துறை ஆசிரியர், நீர்வேலி வாழைத்தோட்டக்காரர், எல்லோரும் வலப்பக்கம்தான் பார்க்கிறார்கள். வெட்கத்தில் முகத்தைத் திருப்புகிறார்கள் என்றல்லவா இவ்வளவு காலமும் நினைத்திருந்தேன்!

கேள்வியே கேட்காமல் கதைக்க வைப்பது என் தனிப்பாணி என்று எழுதிய நண்பர்களே, அந்தப் பாராட்டை உரியவரிடம் சேர்த்துவிடுங்கள்.

அவர் இப்போது எந்தப் பக்கம் நிற்கிறார் என்று மட்டும் எனக்குச் சொல்ல வேண்டாம்.