வெட்டு விழுந்த இடத்தில் நின்ற கேசட்

தொண்ணூறுகளில் எனக்குப் பிழைப்பு கல்யாண வீடியோ எடுப்பது. வெளிச்சம் சரியில்லை என்றால் மணமக்களை மாலையை மறுபடி மாற்றச் சொல்கிற கூட்டம் நாங்கள்.

அப்படிப்பட்டவனை ஒரு வாத்தியார் நண்பர் பாளையங்கோட்டையில் படம் பார்க்க இழுத்துக்கொண்டு போனார். அமெரிக்கப் பூர்வகுடிகளான நவாஹோ மக்களைப் பற்றி, அந்த இனத்துப் பெண்ணே எடுத்த படம். அவளுடைய மாமா ஆட்டுப்பட்டி ஓரம் உட்கார்ந்து ஒரு கதையைத் தொடங்குகிறார், சட்டென்று நிறுத்திவிடுகிறார். பனிக்காலத்தில், பாம்பெல்லாம் உறங்கும்போதுதான் அதைச் சொல்லலாமாம். அவள் கெஞ்சவில்லை. கேமராவை மூடிவிட்டாள். திரை இருட்டாகவே கிடந்தது.

"என்னவே, கரண்டு போயிட்டோ?" என்றார் பின்வரிசையில் ஒருவர். எல்லோரும் சிரித்தோம். ஆனால் வெளியே வந்து டீ குடிக்கும்போதும் அந்த இருட்டு என்னைவிட்டுப் போகவில்லை. படம் எடுக்கிற எவளாவது கையில் வந்த கதையை விடுவாளா?

அந்தச் சித்திரையில் அம்மா வழுக்கி விழுந்து இடுப்பை உடைத்துக்கொண்டாள். அதே மாசம் ராதாபுரம் பக்கம் எங்கள் குலசாமிக்குக் கொடைத் திருவிழா. கல்யாணமாகி வந்ததிலிருந்து ஒரு கொடைகூடத் தவறாதவள், நான் கிளம்பும்போது அழுதுவிட்டாள்.

"சாமி எந்திரிக்கத நான் பாக்கணும்லே. அத மட்டும் எப்படியாவது பிடிச்சிட்டு வந்துரு."

எங்கள் சாமி வஞ்சகமாக வெட்டுப்பட்டுச் செத்து, கயிலாயம் போய் வரம் வாங்கித் திரும்பியவர். கொடையில் அந்தக் கதையைப் பாடும் வில்லுப்பாட்டில் வெட்டு வந்துவிட்டால், அவர் எழும்வரை பாடியே ஆகவேண்டும், பாதியில் விடக்கூடாது. அன்றைக்கென்று, சரியாக வெட்டு விழுந்ததும் என் பேட்டரி உயிரை விட்டது.

பாட்டு முடிந்த பிறகுதான் வேறு பேட்டரி கிடைத்தது. பழக்கதோஷம்! "அந்த இடத்த மட்டும் இன்னொருக்கா பாடுங்க" என்று கேட்க வாய்வரை வந்துவிட்டது. அதற்குச் சாமியை மறுபடி வெட்டவேண்டுமே! கேமராவை மூடிய அந்தப் பெண் நினைவுக்கு வந்தாள். நானும் வாயை மூடிக்கொண்டேன்.

வீட்டில் கட்டிலில் சாய்ந்தபடி அம்மா டி.வி.யில் கேசட்டைப் பார்த்தாள். வெட்டு விழுந்தது. திரை நீலமாயிற்று.

"ஏலே கோட்டிப்பயலே! சாமிய வெட்டிப்போட்டபடி விட்டுட்டு வந்திருக்கியே! அவரு எப்பம் எந்திரிப்பாரு?"

அம்மா அந்த நீலத்தையே கொஞ்சநேரம் முறைத்தாள். பிறகு தலைமாட்டில் இருந்த தண்ணீர்ச் செம்பைத் தட்டித் தாளம் போட்டுப் பாடத் தொடங்கினாள். வரிக்கு வரி! அவள் பாடி நான் அதுவரை கேட்டதில்லை. வலியில் முகம் சுளித்தாள், நிறுத்தவில்லை. சாமி எழுந்ததும் குலவை போட்டாள். கேமரா பை என் காலடியில்தான் இருந்தது. நான் அதைத் தொடவில்லை.

அம்மா போய்ச் சேர்ந்துவிட்டாள். அந்தக் கேசட்டில் வேறு கொடைக் காட்சியை ஒட்டுப்போட எனக்கு இன்றுவரை மனசு வரவில்லை. வருஷத்துக்கு ஒருதரம் போடுவோம். நீலம் வந்ததும் தங்கை செம்பை என் பக்கம் தள்ளுவாள்.

"பாடுண்ணே, சாமி கெடக்காருல்லா."

எங்கேயோ இருக்கிற அந்த நவாஹோப் பெண்ணை, நல்லா இரு தாயி என்று மனசுக்குள் கும்பிட்டுவிட்டு, சுருதி சேராத தொண்டையைத் திறக்கிறேன்.