பாவம் பார்க்காத கிராண்ட்மாஸ்டர்

என்னைவிட ஒன்பது வயது சின்னவரை நான் ‘சார்’ என்று கூப்பிட்டது வாழ்க்கையில் ஒரே ஒருமுறைதான். மீசைகூட ஒழுங்காக முளைக்கவில்லை. முதுகில் கல்லூரிப் பிள்ளைகள் மாட்டிக்கொள்ளும் பை. ஆனால் அவர் கிராண்ட்மாஸ்டர். அன்றைக்கு அவரிடம் வாய்விட்டு நன்றி சொல்ல எனக்குத் தோன்றவில்லை. திட்டத்தான் தோன்றியது. அந்தக் கடனைத் தீர்க்கத்தான் இதை எழுதுகிறேன்.

ஒரகடத்தில் நான் வேலை பார்க்கும் கம்பெனியின் ஆண்டு விழா அது. கேன்டீன் மேசைகளில் இருபது செஸ் போர்டுகள் விரித்திருந்தார்கள். அவர் ஒருவரே எங்கள் இருபது பேரோடும் ஒரே நேரத்தில் ஆடுவார் என்று ஏற்பாடு. பாதிப்பேர் செல்ஃபிக்காகப் பெயர் கொடுத்தவர்கள். குதிரை எப்படிப் போகும் என்று கடைசி நிமிடத்தில் கேட்டுக்கொண்டிருந்தவர்களும் உண்டு.

எனக்கு அது விளையாட்டாக இல்லை. தூத்துக்குடிப் பக்கத்திலிருந்து டிப்ளமோ முடித்த கையோடு இங்கே வந்து ஏழு வருஷம். சுங்குவார்சத்திரத்தில் நான்கு பேர் தங்கிய அறையில், ஷிப்ட் முடிந்து வந்து போனில் முகம் தெரியாதவர்களோடு செஸ் ஆடுவேன். போட்டி எதற்கும் போனதில்லை. பள்ளிக்கூடத்தில் நிறைய ஜெயித்திருக்கிறேன். ஆனால் தோற்ற பையன்கள் எல்லோரும், “பொம்பளப்பிள்ளைன்னு விட்டுக்குடுத்தேன்” என்றார்கள். நான் தப்பாக ஆடினால் டீச்சர் வந்து, “பாவம், திருப்பி ஆடட்டும்” என்பார். எது என் வெற்றி, எது பிச்சை என்று எனக்கே தெரியாமல் போனது. அந்த எரிச்சல் இன்னும் ஆறவில்லை.

ஊரில் அம்மா மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்தாள். அவளிடம் ஒரு நிபந்தனை பேசி வைத்திருந்தேன். கிராண்ட்மாஸ்டரோடு டிரா செய்தால் ரேட்டிங் புள்ளி தரும் போட்டிக்குப் பெயர் கொடுப்பேன், ஒரு வருஷம் கல்யாணப் பேச்சை எடுக்கக்கூடாது. தோற்றால் போர்டை மூட்டை கட்டிவிட்டு அவள் சொல்கிறபடி கேட்பேன்.

எங்கள் சூப்பர்வைசர் பிள்ளைப்பாக்கத்துக்காரர். அவர்தான் மைக்கைப் பிடித்து விருந்தாளியின் பெருமைகளைப் படித்தார். ஆறு வயதில் ஆட ஆரம்பித்தது, பெரிய போட்டிகளில் மூன்று முறை ‘நார்ம்’ என்ற தகுதி வாங்கிப் பட்டம் பெற்றது, போன நாடுகளின் பெயர்கள். பாதி நாடுகளின் பெயர் அவர் வாயில் நுழையவில்லை. “மொத்தத்துல உலகமே சுத்திட்டு நம்ம ஒரகடத்துக்கு வந்துகீறாரு” என்று முடித்தார். கைதட்டல் பலமாக இருந்தது. பிறகு விதியைச் சொன்னார். கிராண்ட்மாஸ்டர் நம் போர்டுக்கு முன்னால் வந்து நிற்கும்போதுதான் நாம் ஆட வேண்டும், எந்தக் காயைத் தொட்டாலும் அதையே நகர்த்த வேண்டும்.

ஒரு மணி நேரத்தில் பதினாறு பேர் கைகுலுக்கிவிட்டு எழுந்து போய்விட்டார்கள். நான் உட்கார்ந்திருந்தேன். என்னிடம் ஒரு யானை, ராஜா, மூன்று சிப்பாய்கள். அவரிடம் ஒரு சிப்பாய் கூடுதல். இருந்தாலும் என் ராஜா தன் சிப்பாயை விட்டு அசையாமல் காவல் நின்றால், யானையை முன்னும் பின்னும் நகர்த்தியே டிரா வாங்கிவிடலாம். ஆட்டம் முடிந்தவர்கள் வேடிக்கை பார்க்க என் பின்னால் கூடினார்கள். அவரும் என் போர்டுக்கு வந்தால் கொஞ்சம் அதிகமாகவே நின்றார்.

இங்கே என் வேலையைப் பற்றிச் சொல்ல வேண்டும். அசெம்பிளி லைனில் என் முன்னால் வரும் உதிரிபாகத் தட்டு ஒவ்வொன்றும் மேசையில் ஒட்டியிருக்கும் மஞ்சள் கோட்டுக்குள் நிற்க வேண்டும். விரற்கடை விலகினாலும் நேராக்கிவிட்டுத்தான் அடுத்த வேலை. ஏழு வருஷத்தில் அது கையில் ஏறிவிட்டது. டீக்கடையில் பிஸ்கட் பாட்டில்களை வரிசையாக நகர்த்தி வைத்துவிட்டு, “இன்னாம்மா, எங்கடைக்கும் ஆடிட்டிங்கா?” என்று வாங்கிக் கட்டிக்கொண்டிருக்கிறேன்.

கிராண்ட்மாஸ்டர் வந்து நின்றார். யானையை நகர்த்த வேண்டும் என்று எனக்குத் தெளிவாகத் தெரியும். கையும் நீண்டது. ஆனால் என் ராஜா கட்டத்தை விட்டுக் கோட்டின் மேல் சாய்ந்தாற்போல் நின்றிருந்தது. கை அதைப் பிடித்து நடுவில் நேராக வைத்தது. வைத்த பிறகுதான் எனக்கே உறைத்தது.

‘சரிசெய்கிறேன்’ என்று முதலில் சொல்லிவிட்டுத் தொட்டிருந்தால் குற்றமில்லை. நான் சொல்லவில்லை. ராஜாவை எங்கே நகர்த்தினாலும் அந்தச் சிப்பாய் போய்விடும், அதோடு ஆட்டமும்.

சூப்பர்வைசர் முன்னால் வந்தார். “தம்பி, வுட்டுடுங்க. நாள்பூரா லைன்ல எத்தையாவது நேரா வெச்சிக்கினே கீற பொண்ணு. பழக்கதோஷம். பாவம்.”

கூட்டமும் பாவம் பாவம் என்றது. உண்மையைச் சொல்கிறேன், அவர் விட்டுவிட வேண்டும் என்று நானும் அந்த நொடியில் வேண்டிக்கொண்டேன்.

அவர் சூப்பர்வைசரைப் பார்த்து, “பாவம்லாம் சொல்லாதீங்க சார். இவங்க என்கிட்ட டிரா பண்ணிட்டிருந்தாங்க” என்றார். பிறகு என்னிடம், “ராஜாவை ஆடுங்க அக்கா” என்றார்.

மனசுக்குள் ‘சார்’ போய் ‘இவன்’ ஆகிவிட்டார். இவனெல்லாம் பெரிய மனுஷனா, ஒரு டிரா கொடுத்தால் இவன் பட்டம் குறைந்துவிடுமா என்று பொருமிக்கொண்டே ராஜாவை நகர்த்தினேன். எட்டாவது நகர்த்தலில் தோற்றுக் கைகொடுத்தேன்.

எல்லோரும் பிரியாணி வரிசைக்குப் போய்விட்டார்கள். நான் எழுந்திருக்கவில்லை. மற்ற ஆட்டங்களை முடித்துவிட்டு அவர் திரும்பி வந்தார். அதுவரை நின்றுகொண்டே ஆடியவர், எதிர் நாற்காலியில் உட்கார்ந்தார். நான் ராஜாவைத் தொடுவதற்கு முந்தைய நிலைக்குக் காய்களை அடுக்கினார்.

“இப்ப ஆடுங்க.”

யானையை நகர்த்தினேன். என்னென்னவோ செய்து பார்த்தார். யோசித்தார், நெற்றியைத் தேய்த்தார். கடைசியில் சிரித்துவிட்டார். “ஒண்ணும் பண்ண முடியல. டிராதான். உங்க ரேட்டிங் என்ன அக்கா?”

“இல்ல சார். போட்டிக்குப் போனதில்ல.”

“ஏன்?”

பேச்சை மாற்ற, “உங்களுக்கு இப்படி நடந்திருக்கா?” என்று கேட்டேன்.

“மூணாவது நார்ம் ஒரு தடவை இப்படித்தான் போச்சு. யோசிக்காம பிஷப்பைத் தொட்டுட்டேன். எதிர்ல இருந்தவரு விடல. ஹோட்டல்ல போய் அழுதேன். அடுத்த வருஷம் வேற ஊர்ல வாங்கினேன்” என்றார். யாரோ சாப்பிடக் கூப்பிட, எழுந்து போனார். முடிவுத் தாளில் என் பெயருக்கு நேராகத் தோல்வி என்றுதான் இருந்தது. அதை அவர் மாற்றவில்லை. மாற்றாததுதான் அவர் எனக்குச் செய்த பெரிய உதவி.

கம்பெனி பஸ் வடக்குப்பட்டைத் தாண்டும்போது அம்மா போன் செய்தாள்.

“என்னட்டி ஆச்சு?”

“தோத்துட்டேன்ம்மா.”

“சரி விடு. அப்பம் மாப்பிள்ளை வீட்டுக்குச் சொல்லிரட்டுமா?”

“வேண்டாம்மா. அடுத்த மாசம் போட்டிக்குப் பேரு குடுக்கப் போறேன்.”

“தோத்துட்டேன்னு சொல்லுத. பெறவு எதுக்குட்டி?”

“யாரும் எனக்கு விட்டுக்குடுக்கலம்மா” என்றேன். சொல்லி முடிப்பதற்குள் சந்தோஷத்தில் அழுகை வந்துவிட்டது.