வேழாம்பலுக்கு ஒரு புஷ்பாஞ்சலி

பொன்மணியின் மகள் விமானத்தில் வேலைக்குப் போகப்போகிறாள் என்ற செய்தி மட்டாஞ்சேரியின் அந்தச் சந்துக்குள் நுழைந்த அன்றைக்கே ஒச்சம்மாளுக்கு வயிறு எரியத் தொடங்கிவிட்டது. பேச்சுக்குச் சொல்கிற எரிச்சல் இல்லை. சாயா குடித்தால் எரிந்தது, குடிக்காவிட்டாலும் எரிந்தது.

எரியாமல் என்ன செய்யும்? இருவரும் உசிலம்பட்டிப் பக்கத்திலிருந்து ஒரே வருஷத்தில் புருஷன்மாரோடு கொச்சிக்கு வந்தவர்கள். அடுத்தடுத்த வீடு. போர்ட் கொச்சியில் ஒரே ஹோம்ஸ்டேயில் அறை கூட்டி விரிப்பு மாற்றுகிறவர்கள். ஒருத்திக்குப் பருப்பு தீர்ந்தால் மற்றவள் வீட்டு டப்பா திறக்கும். ஒச்சம்மாளின் மகள் சுமா ஜூ டவுனில் ஒரு பழம்பொருள் கடையில் வெள்ளைக்காரர்களுக்குப் பித்தளை விளக்கு விற்கிறாள். பொன்மணியின் மகள் தன்யாவும் நேற்றுவரை பக்கத்துக் கடையில் ஏலக்காய் விற்றவள்தான். தராசு சமமாக நின்றவரைக்கும் ஒச்சம்மாள் பொன்மணியை உடன்பிறந்தவளாகத்தான் நினைத்திருந்தாள்.

அந்த நேரம் பார்த்து, இருவாட்சிப் பறவையின் மலையாளப் பேரை வைத்துக்கொண்டு 'வேழாம்பல் ஏர்' வந்து சேர்ந்தது. சொகுசு பஸ் காசுக்கு விமானம், மதுரைக்கும் உண்டு, வளைகுடாவுக்கும் உண்டு என்று ஊரெல்லாம் விளம்பரம். தன்யாவைப் பணிப்பெண்ணாக எடுத்து, எறணாகுளத்தில் வைத்துப் பயிற்சி கொடுத்து, பச்சைக் கோட்டு ஒன்றும் தைத்துக் கொடுத்தார்கள். அதற்கப்புறம் பொன்மணியின் வாய் மூடவே இல்லை. விரிப்பை உதறும்போதும் அதே பேச்சு.

"ஓணம் கழிஞ்சா எம் மோளு பறக்கும்க்கா. உன்னைய மதுரைக்குச் சும்மாவே கூட்டிட்டுப் போகும்."

"நான் பஸ்ஸுலயே போய்க்கிறேன். எனக்கு அதெல்லாம் தலை சுத்தும்" என்றாள் ஒச்சம்மாள்.

ஓணம் கழிந்தது. விமானம் வரவில்லை. கிறிஸ்துமஸ் என்றார்கள், அப்புறம் விஷு என்றார்கள். முக்கில் சாயாக்கடை வைத்திருக்கும் சஜி, "கம்பெனிக்காரன் பறஞ்ஞதே உள்ளு சேச்சி, பறந்நில்லா" என்று சிரித்தான். மலையாளத்தில் பறைவது என்றால் பேசுவது. பறப்பது மட்டும் நம் பறப்பதுதான். அந்த ஒரு வாக்கியத்துக்காகவே ஒச்சம்மாள் இன்னொரு சாயா வாங்கிக் குடித்தாள்.

ஆனால் சஜியின் வாயை நம்பிச் சும்மா இருந்துவிட முடியுமா? திடீரென்று பறந்துவிட்டால்? தன்யா பச்சைக் கோட்டோடு சந்துக்குள் நடந்து வருவாள்; சுமா விளக்குத் துடைக்கிற துணியோடு நின்று பார்ப்பாள். நினைத்தாலே சோறு இறங்கவில்லை. என் மகளுக்கு என்ன குறைச்சல்? அவளைவிட உயரம். அவளைவிட நல்ல மலையாளம். தெய்வத்துக்குக் கண் இருக்கிறதா இல்லையா?

கேட்டுவிடுவோம் என்று ஒரு செவ்வாய்க்கிழமை வேலை முடிந்ததும் நேரே பகவதி கோயிலுக்கு நடந்தாள். அங்கே சத்ரு சம்ஹார புஷ்பாஞ்சலி என்று எதிரியை ஒழிக்கிற வழிபாடு இருப்பதாகவும், அதைச் செய்வதை இந்த ஊரில் 'கழிப்பது' என்பார்கள் என்றும் கேள்விப்பட்டிருந்தாள். சீட்டுப் போடும் விஸ்வநாத், "பேரு, நாளு?" என்றார். இந்த ஊரில் நாள் என்றால் நட்சத்திரம். ஒச்சம்மாளின் ஊர்ப்பக்கம் எதிரி கெட வேண்டும் என்று மிளகாய் அரைத்து அம்மனுக்குப் பூசுகிறவர்கள், எதிரியின் பேரைச் சொல்லித்தான் அரைப்பார்கள். அதனால் அவள் கொஞ்சமும் யோசிக்காமல் சொன்னாள்.

"தன்யா. பூரம்."

நட்சத்திரத்தை அவள் யாரிடமும் கேட்க வேண்டியிருக்கவில்லை. ஆஸ்பத்திரியில் அந்தக் குழந்தையை முதலில் கையில் வாங்கியதே அவள்தான்.

"மோளாணோ?" என்று கேட்டார் விஸ்வநாத்.

"அடுத்த வீடு. மோளு மாதிரி."

உள்ளே பேரையும் நட்சத்திரத்தையும் சொல்லிப் பூப் போடுவது காதில் விழுந்தது. ஒச்சம்மாள் கண்ணை இறுக மூடிக் கும்பிட்டாள்.

அடுத்த மாசமே வேழாம்பல் கவிழ்ந்தது. அனுமதி கிடைக்கவில்லையாம், பணம் போட்டவர்கள் கைகழுவிவிட்டார்களாம், ஆபீசுக்குப் பூட்டு. பொன்மணி படுத்த படுக்கையானாள். ஒச்சம்மாள் கஞ்சி காய்ச்சிக் கொண்டுபோய்க் கொடுத்தாள். "விடுடி, எல்லாம் தலையெழுத்து" என்று தலையைத் தடவினாள். வயிறு எரியவில்லை. அதை நினைத்து வெட்கமாக இருந்தது. வெட்கப்பட்டுக்கொண்டே நன்றாகச் சாப்பிட்டாள்.

அந்த நிம்மதி மழைக்காலம் முடியும்வரைகூடத் தாங்கவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை பொன்மணி லட்டு டப்பாவோடு ஓடி வந்து அவளைக் கட்டிக்கொண்டாள். சுமா தரையில் உட்கார்ந்து கப்பைக் கிழங்குக்குத் தோல் சீவிக்கொண்டிருந்தாள்.

"அக்கா! தன்யாவை வெளிநாட்டு விமானக் கம்பெனியில எடுத்தாச்சு! ட்ரெயினிங் கழிஞ்ச பிள்ளைங்கதான் வேணும்னு பறஞ்சாங்களாம். வேழாம்பல் மட்டும் ஓடியிருந்தா அஞ்சு வருஷத்துக்குப் பாண்டு எழுதிக் கொடுத்தது, எங்கயும் அசைய முடியாது. அது மூடினதுதான் எம் மோளோட பாக்கியம்!"

ஒச்சம்மாள் வாயில் லட்டு அப்படியே நின்றது.

"கோயிலுக்குப் போய் தன்யா, பூரம்னு சீட்டுக் கேட்டேன். விஸ்வநாத் சேட்டன் சொல்லுறாரு, உன் அடுத்த வீட்டுச் சேச்சி முன்னமே சத்ரு சம்ஹாரம் கழிச்சிருக்குன்னு. யார் பேருல கழிக்கிறமோ அவங்களோட எதிரி ஒழிஞ்சு போகுமாமே! அந்தக் கம்பெனிதான் எம் மோளுக்கு எதிரின்னு உனக்கு எப்படிக்கா தெரிஞ்சது? பெத்த எனக்கே தெரியலையே!"

பொன்மணி அழுதாள். ஒச்சம்மாளும் அழுதாள். ஐயோ, தன் வாயாலேயே பேர் சொல்லி, கண்ணை மூடிக் கும்பிட்டு, பொன்மணியின் மகளை ஆகாயத்தில் ஏற்றிவிட்டிருக்கிறாளே! ஆறியிருந்த வயிறு மறுபடி எரிந்தது, முன்னைவிட மோசமாக.

பொன்மணி போன பிறகு சுமா கத்தியைக் கீழே வைத்தாள்.

"எனக்கு எப்பம்மா கழிச்சே?"

"உனக்கு எதிரி யாருடி இருக்கா?" என்றாள் ஒச்சம்மாள், சட்டென்று.

"எதிரிக்கு வேண்டாம். சும்மா, எனக்குன்னு ஒரு பூ?"

ஒச்சம்மாள் யோசித்துப் பார்த்தாள். இத்தனை வருஷமாக அடுத்த வீட்டையே பார்த்துக்கொண்டிருந்ததில், சுமாவின் பேரைச் சொல்லி எந்தக் கோயிலிலும் அவள் ஒரு பூக்கூடப் போட்டதில்லை.